செட்டிநாட்டுக் கல்வெட்டு முகாமுக்கு அம்மாவோடும் தொணதொணக்கும் தோழியோடும் போகிறவர்களுக்கு

காரைக்குடிப் பக்கத்துப் பழைய வீடு ஒன்றில் தங்கி, கல்வெட்டும் ஓலைச்சுவடியும் படிக்கக் கற்றுக்கொள்ளும் முகாம். கூடவே எழுபதைத் தாண்டிய அம்மா. போதாததற்குக் கோலாலம்பூரிலிருந்து வந்து சேர்ந்த, வாய் ஓயாத ஒரு தோழி. இப்படி ஒரு கூட்டணியோடு போகப் போகிறவர்களுக்காக இதை எழுதுகிறேன். பாடத்தைப் பற்றிக் கவலை வேண்டாம், அதைச் சொல்லித்தர ஆசிரியர் இருக்கிறார். அறை, பணம், வகுப்பில் யார் பக்கத்தில் யார் என்ற மூன்றையும் யாரும் சொல்லித்தர மாட்டார்கள். வீட்டை விட்டுக் கிளம்பும் முன்பே நீங்களே முடித்துவிட வேண்டும்.

1. எந்த ஊர், எந்த வீடு என்று எழுத்தில் வாங்குங்கள்

“செட்டிநாட்டில் முகாம்” என்று மட்டும் விளம்பரத்தில் இருந்தால் அது முகவரி ஆகாது. சிவகங்கை, புதுக்கோட்டை என்று இரண்டு மாவட்டங்களில் பரவிக் கிடக்கும் எழுபதுக்கும் மேற்பட்ட ஊர்கள் சேர்ந்ததுதான் செட்டிநாடு. கானாடுகாத்தானில் நடக்கும் முகாமுக்கும் தேவகோட்டையில் நடக்கும் முகாமுக்கும் பயணமே வேறு.

ஊர்ப் பெயர்களிலும் குழப்பம் உண்டு. திருப்பத்தூர் என்றால் சிவகங்கை மாவட்டத்துத் திருப்பத்தூர். வரைபடச் செயலியில் தட்டினால் வேலூர்ப் பக்கத்துத் திருப்பத்தூரைத்தான் முதலில் காட்டும், ஏனென்றால் அது மாவட்டத் தலைநகரம். கொத்தமங்கலம் என்ற பெயரில் கானாடுகாத்தான் அருகே ஓர் ஊர், ஆலங்குடிப் பக்கம் இன்னோர் ஊர், கேரளத்தில் ஒரு நகரம். எனவே பின்கோடு, தங்கும் வீட்டின் கூகுள் மேப் இணைப்பு, பொறுப்பாளரின் கைபேசி எண் மூன்றையும் ஒரே செய்தியில் கேட்டு வாங்குங்கள். “வந்ததும் கூப்பிடுங்க, ஆள் அனுப்புறோம்” என்பதை மட்டும் நம்பி அம்மாவை இரவு வண்டியில் ஏற்றாதீர்கள்.

அப்புறம், பணம் கட்டிய பிறகு இடத்தை மாற்றுவார்களா என்று முன்கூட்டியே கேளுங்கள். கல்யாண முகூர்த்தம் வந்தால் பெரிய வீடுகளை மண்டபம்போல வாடகைக்கு விட்டுவிடுகிறார்கள். எங்கள் முகாமுக்கும் அதுதான் நடந்தது. கிளம்பும் வாரத்தில் வாட்ஸ்ஆப்பில் ஒரு வரி வந்தது, வீடு மாறியது, அம்மாவுக்குக் கேட்டு வைத்திருந்த தரைத்தள அறையும் போனது. இடம் மாறினால் பணம் திரும்பக் கிடைக்குமா என்பதற்கு ரசீதிலேயே ஒரு வரி எழுதித் தரச் சொல்லுங்கள். தயங்குகிற அமைப்பாளரிடம் முழுப்பணம் கட்டாதீர்கள், முன்பணத்தோடு நிறுத்துங்கள்.

2. மாதம் பார்த்துப் பதிவு செய்யுங்கள்

தை, மாசி மாதங்கள்தான் உத்தமம். சித்திரை கடைசியில் கத்திரி வெயில் தொடங்கிவிடும். மே மாத விடுமுறை என்பதால் முகாம் நடத்துகிறவர்களுக்கு அது வசதி, பாறையில் உட்கார்ந்து எழுத்துப் படிக்கும் உங்களுக்கு வசதியில்லை. ஐப்பசி, கார்த்திகையில் மழை. மழையில் களப்பயணம் ரத்தாகி, நாள் முழுக்கத் திரையில் படம் பார்த்துப் படிக்க வேண்டியிருக்கும்.

தைப்பூசத்தை ஒட்டிய நாட்களில் பழனிக்குப் பாதயாத்திரைக் கூட்டம் குன்றக்குடி வழியாகத்தான் போகும். பங்குனி உத்திரத்துக்குக் குன்றக்குடியிலும், விநாயகர் சதுர்த்திக்குப் பிள்ளையார்பட்டியிலும் கூட்டம் அலைமோதும். பார்க்க அழகுதான். ஆனால் அந்த நாட்களில் கோயில் சுவர் அருகே நின்று நிதானமாக எழுத்துக் கூட்டிப் படிக்க யாரும் விடமாட்டார்கள்.

3. அம்மா மாணவியா, துணைக்கு வருபவரா?

விண்ணப்பப் படிவத்தில் இந்தக் கேள்வி இருக்காது, கட்டணத்தில் இருக்கும். எங்கள் முகாமில் பங்கேற்பவருக்கு 4,500 ரூபாய், உடன் வருபவருக்கு 2,800 ரூபாய். 1,700 மிச்சம் என்று அம்மாவை உடன் வருபவராகப் போட நினைப்பீர்கள். செய்யாதீர்கள். உடன் வருபவருக்கு வகுப்பில் நாற்காலி இல்லை, களப்பயண வண்டியில் இடம் இருந்தால்தான் உண்டு. பகல் முழுக்கப் பட்டாலை என்னும் கூடத்தில் தனியாக உட்கார்ந்து என்ன செய்வார்?

தவிர, வயதானவர்கள் இந்த வகுப்பில் நம்மைவிடத் தேறுவார்கள் என்பதற்கு ஒரு காரணம் இருக்கிறது. 1978-இல் எழுத்துச் சீர்திருத்த ஆணை வருவதற்கு முன்பே பள்ளி முடித்தவர்கள், லை, னை, ணை போன்றவற்றைத் தும்பிக்கை வைத்த பழைய வடிவத்தில் எழுதிப் பழகியவர்கள். சுவடியிலும் பழைய அச்சுப் புத்தகத்திலும் அந்த வடிவம் வந்தால் நாம் விழிப்போம், அவர்கள் கடந்து போய்விடுவார்கள். எங்கள் வகுப்பில் “இது என்ன, புழு மாதிரி இருக்கு?” என்று தோழி கேட்டதற்கு, “ணை-ம்மா. எங்க காலத்துல அப்படித்தான் எழுதுவோம்” என்று அம்மா சொல்லி முடிப்பதற்குள் ஆசிரியர் அவரை முன்வரிசைக்கு அழைத்துவிட்டார்.

ஆகவே பங்கேற்பவராகவே பதிவு செய்யுங்கள். கூடவே ஒரு கடிதம் எழுதி மூன்று சலுகைகளைக் கேளுங்கள்: தரைக்குப் பதில் நாற்காலி வேண்டும், மதிய உணவு பிந்தினால் இடையில் சாப்பிட ஏதாவது கொடுக்க வேண்டும், களைத்துப்போனால் வகுப்பிலிருந்து எழுந்து போகலாம். கேட்டால் எல்லோரும் ஒப்புக்கொள்கிறார்கள். அங்கே போன பிறகு கேட்டால்தான் முகம் சுளிக்கிறார்கள்.

4. ஆவணங்கள்

உள்நாட்டவருக்கு அதிகம் தேவையில்லை. ஆதார் நகல், கடவுச்சீட்டு அளவில் இரண்டு படம், அவசரத்துக்குத் தொடர்பு கொள்ள ஓர் எண். ஆதார் நகலை வாட்ஸ்ஆப் குழுவில் போடச் சொன்னால் போடாதீர்கள். ஆதார் தளத்திலேயே முதல் எட்டு இலக்கங்கள் மறைந்த நகலைத் தரவிறக்கலாம். அதைப் பொறுப்பாளருக்குத் தனியே அனுப்புங்கள். அரசு வேலையில் அல்லது கல்லூரியில் இருப்பவர்கள் சிறப்பு விடுப்பு கேட்பதாக இருந்தால், அழைப்புக் கடிதத்தை முன்பே வாங்கிவிடுங்கள். முகாம் முடிந்த பிறகு தரும் பங்கேற்புத் தாளை வைத்து விடுப்பு வாங்க முடியாது.

அம்மாவுக்கு: மருத்துவர் சீட்டின் நகல், மாத்திரைப் பட்டியல், காப்பீட்டு அட்டை. மாத்திரைகளைப் பெயர் தெரியும் அட்டையோடு எடுத்துச் செல்லுங்கள். பிரித்து டப்பியில் போட்டால், தீர்ந்துபோகும்போது காரைக்குடி மருந்துக் கடையில் “வெள்ளையா, வட்டமா இருக்கும்” என்று வர்ணித்துக்கொண்டு நிற்க வேண்டும். இன்சுலின் போடுகிறவர்கள் தங்குமிடத்தில் குளிர்பதனப் பெட்டி உண்டா, அதில் இடம் தருவார்களா என்று கேட்டுக்கொள்ளுங்கள்.

வெளிநாட்டுக் கடவுச்சீட்டு வைத்திருக்கும் நண்பர் வந்தால்தான் வேலை அதிகம். இதைக் கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள்.

மொழி முகாமுக்கு மாணவர் விசா வேண்டுமோ என்று பலர் பயப்படுகிறார்கள். வேண்டாம். உள்ளூர் மொழி, இசை, நடனம், கைவினை, சமையல் போன்றவற்றைக் குறுகிய காலம் கற்க இ-சுற்றுலா விசாவிலேயே இடம் இருக்கிறது. நிபந்தனைகள்: பயிற்சி ஆறு மாதத்துக்கு மேல் போகக்கூடாது, முறைப்படுத்தப்பட்ட படிப்பாகவோ தகுதிச் சான்றிதழ், பட்டயம் தருவதாகவோ இருக்கக்கூடாது. எனவே அமைப்பாளர் ஆர்வக்கோளாறில் “சான்றிதழ் படிப்பு” என்று அழைப்புக் கடிதத்தில் எழுதிவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள். “குறுகிய கால அறிமுகப் பயிற்சி” என்று இருந்தால் போதும், உண்மையும் அதுதான்.

விண்ணப்பத்தை அரசின் தளத்தில் மட்டுமே போடுங்கள். தேடினால் அதே தோற்றத்தில் தனியார் தளங்கள் வரிசையாக வரும். கட்டணத்தை இரட்டிப்பாக வாங்குவதோடு தேவையில்லாத விவரங்களையும் கேட்கும். முகவரி ‘ஜிஓவி.ஐஎன்’ (gov.in) என்று முடிகிறதா என்று பாருங்கள். வந்து இறங்கும் நாளுக்குக் குறைந்தது 4 நாள் முன்பாவது விண்ணப்பம் போயிருக்க வேண்டும். என் தோழி அந்த நாலாவது நாள்தான் போட்டாள், “எல்லாம் வந்துரும்” என்று வேறு சொன்னாள். வந்தும்விட்டது. எனக்குத்தான் தூக்கம் போயிற்று. இதுதவிர 2025 அக்டோபர் முதல், வெளிநாட்டவர் தரையிறங்குவதற்கு முந்தைய 72 மணி நேரத்துக்குள் இணையத்தில் வருகை அட்டையையும் நிரப்ப வேண்டும். அதற்குக் கட்டணம் கிடையாது. யாராவது கேட்டால் அது போலித் தளம்.

அடுத்தது தங்குமிடம். வெளிநாட்டவர் யார் வந்து தங்கினாலும், தங்க வைப்பவர் 24 மணி நேரத்துக்குள் குடிவரவுத் துறையின் இணையதளத்தில் பதிவு செய்தாக வேண்டும். பேச்சு வழக்கில் இதை ‘சி ஃபார்ம்’ என்பார்கள். விடுதிக்காரர்களுக்கு இது பழக்கம். முகாமுக்கென்று திறந்துவிடும் பூர்வீக வீடுகளில் பலருக்குப் பழக்கமில்லை. கேள்விப்பட்டதும் “எதுக்குங்க வம்பு, அவங்களை டவுன் ஓட்டல்ல தங்க வச்சிருங்க” என்பார்கள். உங்கள் நண்பர் வெளிநாட்டவர் என்பதைப் பதிவின்போதே சொல்லி, இந்த வேலையை யார் செய்வார்கள் என்று பெயரோடு கேட்டு வையுங்கள். நண்பர் தமிழ் பேசுவதால் உள்ளூர்க்காரர் என்று நினைத்து விட்டுவிடுவதுதான் பெரும்பாலும் நடக்கும்.

5. பயணம்

சென்னையிலிருந்து வருவோர் பகல் பயணத்துக்குப் பல்லவன் விரைவு ரயிலைப் பாருங்கள். பிற்பகலில் கிளம்பி, திருச்சி, புதுக்கோட்டை வழியாக இரவு காரைக்குடி வந்து சேரும். அதுவே கடைசி நிலையம் என்பதால் அம்மா அவசரமில்லாமல் இறங்கலாம். ராமேஸ்வரம் போகும் இரவு ரயிலில் வந்தால் நள்ளிரவு தாண்டிய நேரத்தில் காரைக்குடியில் இறங்க வேண்டும். இரண்டு மூன்று நிமிடம்தான் நிற்கும். வயதானவர்களோடு வேண்டாம் என்பது என் கருத்து. செட்டிநாடு என்ற பெயரிலேயே ஒரு நிலையம் உண்டு, பெயரைப் பார்த்து அதற்குச் சீட்டு எடுத்துவிடாதீர்கள். நீங்கள் இறங்க வேண்டியது பெரும்பாலும் காரைக்குடி சந்திப்பு.

முன்பதிவு 60 நாட்களுக்கு முன்பு திறக்கும். பழைய நினைப்பில் நான்கு மாதம் முன்பே தேடினால் ஒன்றும் கிடைக்காது. மூத்த குடிமக்களுக்கான கட்டணச் சலுகை 2020 மார்ச்சில் நிறுத்தப்பட்டது, அதைக் கணக்கில் சேர்க்காதீர்கள். இரவு ரயில்தான் என்றால் கீழ்ப்படுக்கை ஒதுக்கீடு இருக்கிறது: 60 வயதான ஆண்கள், 45 வயதான பெண்கள். ஆனால் அது தனியாகவோ, அதே தகுதியுள்ள இருவராகவோ ஒரே சீட்டில் போனால்தான் பொருந்தும். முப்பது வயது மகளும் முப்பது வயது தோழியும் அம்மாவும் என்று மூவருக்கும் ஒரே சீட்டாகப் போட்டால் ஒதுக்கீடு போயிற்று. அம்மாவுக்குத் தனிச்சீட்டு எடுங்கள், பெட்டி மாறினாலும் பரவாயில்லை, கீழ்ப்படுக்கை முக்கியம். வயதுச் சான்றாக அசல் அடையாள அட்டை கையில் இருக்க வேண்டும்.

தட்கல் என்றால் முந்தைய நாள் காலை 10 மணிக்குக் குளிர்சாதன வகுப்புகள், 11 மணிக்கு மற்றவை. 2025 ஜூலை முதல் இணையத்தில் தட்கல் எடுக்க ஐஆர்சிடிசி கணக்கோடு ஆதார் இணைந்திருக்க வேண்டும். காலை 9.55-க்கு உட்கார்ந்து இணைக்கப் பார்த்தால் ஓடிபி வருவதற்குள் சீட்டு தீர்ந்துவிடும்.

கோலாலம்பூர், சிங்கப்பூரிலிருந்து வருவோருக்குத் திருச்சிதான் வசதி. நேரடி விமானம் உண்டு, அங்கிருந்து காரைக்குடி சுமார் 90 கிலோமீட்டர். மதுரையும் கிட்டத்தட்ட அதே தூரம். நண்பரைத் திருச்சியில் நீங்களே போய் அழைத்துக்கொள்ள வேண்டாம். பேருந்து ஏறி நேராகக் காரைக்குடி வரச் சொல்லுங்கள். தோழி புதுக்கோட்டையில் இறங்கி நின்றுகொண்டு “எங்க ஊர்ல பஸ்ஸே பேசும், அடுத்த நிறுத்தம் என்னன்னு சொல்லும்” என்று குரல் செய்தி அனுப்பினாள். அடுத்த பேருந்தில் வந்துவிட்டாள்.

6. அறை

செட்டிநாட்டு வீட்டைப் படத்தில் பார்த்துவிட்டு மயங்காதீர்கள். முகப்பும் தேக்குத் தூணும் ஆத்தங்குடிக் கல் தரையும் எல்லாப் படத்திலும் வரும். நீங்கள் கேட்க வேண்டியது கழிவறை எங்கே என்று. பழைய வீடுகளில் அது பெரும்பாலும் பின்கட்டில் இருக்கும். வளவு என்னும் நடுமுற்றப் பகுதி, இரண்டாங்கட்டு, அடுப்படி எல்லாம் தாண்டி நடக்க வேண்டும். வழியில் ஒவ்வொரு நிலைவாசலிலும் முட்டி உயர்த்தித் தாண்டும் அளவுக்கு ஒரு படி. இரவில் இரண்டு முறை எழுந்திருப்பவருக்கு அது பெரிய யாத்திரை.

எனவே இவற்றை வரிசையாகக் கேட்டு, பதிலைப் படமாக அனுப்பச் சொல்லுங்கள்: அறை தரைத்தளமா, கழிவறை அறையோடு சேர்ந்ததா, மேற்கத்திய பாணியா, கைப்பிடி உண்டா, மின்சாரம் போனால் விளக்கு எரியுமா. “எல்லா வசதியும் இருக்கு” என்பதைப் பதிலாக ஏற்காதீர்கள். மஞ்சள் ஒளி தரும் சிறிய இரவு விளக்கு இரண்டு வாங்கி எடுத்துப் போங்கள், ஒவ்வொன்றும் நூறு ரூபாய்க்குள் கிடைக்கும். நாங்கள் அதை நிலைவாசல் ஓரமாகச் செருகி வைத்தோம். படி தெரிந்தது.

தோழிக்கும் உங்களுக்கும் அம்மாவுக்கும் சேர்த்து மூன்று பேர் அறை என்றால் ஆளுக்கு முந்நூறு, நானூறு குறையும். அந்தப் பணம் மிச்சமாகவே இருக்காது. ஒருத்திக்குப் பதினெட்டு டிகிரியில் குளிர் வேண்டும், இன்னொருவருக்கு மின்விசிறிகூட வேண்டாம். ஒருத்தி இரவு பதினொன்றுக்கு வீட்டுக்குக் காணொளி அழைப்புப் போடுவாள், இன்னொருவர் ஒன்பதுக்கே தூங்கி நாலரைக்கு எழுந்து சுப்ரபாதம் போடுவார். இடையில் படுத்திருப்பது நீங்கள். தனி அறை எடுத்துக் கொடுங்கள். “நாம மூணு பேரும் ஒண்ணா இருந்தா ஜாலியா இருக்குமே” என்பாள். “அம்மாவுக்குத் தூக்கம் போயிரும்” என்று அம்மா மேல் பழியைப் போடுங்கள். அம்மாவிடம் முன்கூட்டியே சொல்லி வைத்துவிட்டால் அவரும் ஒத்துப் பாடுவார்.

7. பணக் கணக்கு

கட்டணத்தில் என்னென்ன அடக்கம் என்று பிரித்துக் கேளுங்கள். பயிற்சி, தங்கல், மூன்று வேளைச் சாப்பாடு பெரும்பாலும் அடக்கம். களப்பயண வண்டி, நுழைவுக் கட்டணம், அச்சிட்ட பாடநூல், மாலைப் பலகாரம் ஆகியவை அடக்கமா என்பது இடத்துக்கு இடம் மாறும். ஒன்றிய அரசின் தொல்லியல் துறைப் பொறுப்பில், கட்டணம் வாங்கும் இடங்களில் இந்தியருக்குப் பொதுவாக 25 ரூபாய், வெளிநாட்டவருக்கு 300 ரூபாய். மூன்று இடம் போனால் நண்பருக்கு மட்டும் தொள்ளாயிரம். இதை முன்பே சொல்லிவிடுங்கள். வாசலில் நின்று “நானும் தமிழ்தானே, இது என்ன நியாயம்?” என்று சீட்டுக் கொடுப்பவரிடம் வாதாடினால் வண்டியில் எல்லோரும் வெயிலில் காத்திருப்பார்கள். எங்களுக்கு அது திருமயத்தில் நடந்தது.

செலவைப் பொதுவில் போட ஒரு பர்ஸ் வையுங்கள். முதல் நாளே ஆளுக்கு 1,500 ரூபாய் அதில் போட்டுவிட வேண்டும். ஆட்டோ, தண்ணீர், காப்பி, டிப்ஸ் எல்லாம் அதிலிருந்துதான். தீர்ந்தால் மறுபடி சமமாகப் போட வேண்டும். வெளிநாட்டு நண்பரால் எல்லா இடத்திலும் க்யூஆர் ஸ்கேன் செய்து கட்ட முடியாது, கையில் சில்லறையும் இருக்காது. “நீ கட்டிடு, நான் அப்புறம் தர்றேன்” என்பது நூறு தடவை வரும். பொது பர்ஸை அம்மாவிடம் கொடுங்கள். அவரிடம் “அப்புறம் தர்றேன் ஆன்ட்டி” என்று சொல்ல எந்தத் தோழிக்கும் துணிச்சல் வராது.

8. போவதற்கு முன் கொஞ்சம் வீட்டுப்பாடம்

இதைச் செய்யாமல் போனால் முதல் நாள் முழுக்க வீணாகும். நீங்கள் தமிழ் நன்றாகப் படிப்பவர் என்பதால் கல்வெட்டும் ஓடி வந்துவிடும் என்று எண்ண வேண்டாம்.

கல்வெட்டில் பெரும்பாலும் புள்ளி இருக்காது. சொல்லுக்கும் சொல்லுக்கும் இடைவெளி இருக்காது. எகர ஏகாரத்துக்கும் ஒகர ஓகாரத்துக்கும் வேறுபாடு காட்டியிருக்காது. ‘தெவர்’ என்று இருப்பதைத் ‘தேவர்’ என்று நீங்கள்தான் படிக்க வேண்டும். துணைக்காலும் ரகரமும் பல இடங்களில் ஒரே மாதிரி இருக்கும். ஆக, ஒரு வரியை எழுத்தெழுத்தாகப் பெயர்த்து எழுதிக்கொண்டு, பிறகு பிரித்துப் பார்ப்பதுதான் வழி.

தமிழ் எண்களை மனப்பாடம் செய்துகொண்டு போங்கள். ௧ முதல் ௯ வரை, அப்புறம் ௰, ௱, ௲. ஒன்று பார்க்கக் ககரம்போல இருக்கும், இரண்டு உகரம்போல, ஏழு எகரம்போல, எட்டு அகரம்போல. ஆட்சியாண்டு வரும் இடத்தில் ‘௰௫’ என்று இருந்தால் பதினைந்து. எண்ணை எழுத்தாகப் படித்துவிட்டால் அந்த வரி முழுக்கப் பொருள் கெட்டுப் போகும். ஜ, ஷ, ஸ, ஹ-வோடு, வடமொழிச் சொற்களை எழுதப் பயன்பட்ட கிரந்த எழுத்தில் ‘ஸ்வஸ்திஸ்ரீ’ எப்படி இருக்கும் என்பதையும் ஒரு படத்தில் பார்த்து வையுங்கள். பல கல்வெட்டு அந்தச் சொல்லில்தான் தொடங்கும், தொடக்கத்தைப் பிடித்துவிட்டால் பாதித் தெம்பு வந்துவிடும். தமிழ் எழுதப் பயன்பட்ட இன்னொரு பழைய எழுத்தான வட்டெழுத்தை முன்கூட்டியே தனியாகக் கற்க முயல வேண்டாம், குழப்பம்தான் மிஞ்சும். அதை ஆசிரியரிடம் விட்டுவிடுங்கள்.

எடுத்துப் போக வேண்டியவை: கட்டம் போட்ட நோட்டு, பென்சில், அழிப்பான், பக்கவாட்டில் அடிக்கக் கைவிளக்கு, மடக்கு நாற்காலி, தொப்பி.

9. வகுப்பில் தோழியை எங்கே உட்கார வைப்பது

உங்கள் பக்கத்தில் வேண்டாம். அம்மாவின் பக்கத்திலும் வேண்டாம். முதல் வரிசையில், ஆசிரியருக்கு நேர் எதிரே உட்கார வையுங்கள்.

தொணதொணக்கும் நண்பர்களில் ஒரு வகை, எதையும் தெரிந்த மாதிரி பேசுபவர்கள். என் தோழி அந்த வகை. ஆசிரியர் ஓர் எழுத்தை எழுதி முடிப்பதற்குள் “ஐயா, இது தாய்லாந்து எழுத்து மாதிரி இருக்கே” என்பாள். பக்கத்தில் இருந்தால் அதை உங்கள் காதில் சொல்வாள், நீங்கள் ஆசிரியர் சொன்னதைத் தவறவிடுவீர்கள். முன்னால் இருந்தால் ஆசிரியரிடமே சொல்ல வேண்டியிருக்கும். எங்கள் ஆசிரியர் கில்லாடி. இரண்டாம் நாள் காலை அவள் கையில் சாக்பீஸைக் கொடுத்து, “வாங்கம்மா, நீங்களே பலகையில எழுதுங்க” என்றார். அதற்கப்புறம் அவள் கேட்ட கேள்விகள் எல்லாம் உருப்படியானவை. உண்மையைச் சொன்னால், இரண்டு கேள்விகளை நானே கேட்டிருக்க வேண்டும்.

இன்னொரு தொல்லை, எல்லாவற்றையும் பதிவு செய்வது. வகுப்பைக் காணொளியாக எடுத்து நேரலையில் போடலாமா என்று முதலில் ஆசிரியரிடம் கேட்கச் சொல்லுங்கள். சுவடிகள் தனியார் குடும்பத்துக்குச் சொந்தமாக இருக்கலாம், படம் எடுக்க அவர்கள் ஒப்ப வேண்டும்.

சாப்பாட்டு நேரத்தில் தோழியைச் சமையல் பார்க்கும் ஆச்சியிடம் ஒப்படைத்துவிடுங்கள். சமையல்கட்டில் ஆச்சிக்குக் கேட்க ஆள் வேண்டும், தோழிக்குப் பேச ஆள் வேண்டும். அம்மாவுக்குச் சர்க்கரை என்றால் மட்டும் ஆச்சியிடம் நீங்களே தனியாகச் சொல்லுங்கள். பால் பணியாரமும் கந்தரப்பமும் மாலையில் வரும். “ஒண்ணே ஒண்ணு சாப்பிடுங்க, ஒண்ணும் ஆகாது” என்ற உபசாரத்தை அம்மாவால் மறுக்க முடியாது. “அவங்களுக்கு வெள்ளைப் பணியாரமும் காரச்சட்னியும் போதும் ஆச்சி” என்று சொல்லி வைத்தால் கௌரவமும் கெடாது, சர்க்கரையும் ஏறாது.

10. களப்பயணம்

பெரும்பாலான முகாம்களில் பிள்ளையார்பட்டி, குன்றக்குடி, திருமயம் மூன்றும் இருக்கும். குன்றக்குடியில் குடைவரைகள், அதாவது பாறையைக் குடைந்த கோயில்கள், மலையடிவாரத்தில் இருக்கின்றன, படியேறத் தேவையில்லை. திருமயத்திலும் குடைவரைக் கோயில்கள் கீழேதான், கோட்டைக்குத்தான் ஏற வேண்டும். அம்மாவைக் கோட்டைக்கு வரச் சொல்லி வற்புறுத்தாதீர்கள், அடிவாரத்திலேயே படிக்க நிறைய இருக்கிறது. கோயில்கள் நடுப்பகலில் நடை சாத்தி மாலை நான்கு மணிவாக்கில்தான் திறக்கும். வண்டி காலை ஏழரைக்குக் கிளம்பாவிட்டால் பத்து மணி நேரம் சுற்றி இரண்டு இடம்தான் பார்ப்பீர்கள்.

சுவரில் எழுத்து மங்கலாக இருந்தால் சாக்பீஸ் பொடி, திருநீறு, மாவு எதையும் தடவாதீர்கள். யாரோ தடவிய எண்ணெயும் சுண்ணாம்பும் எழுத்தைத் தின்றிருப்பதை நேரில் பார்ப்பீர்கள். கைவிளக்கைச் சுவரை ஒட்டிப் பக்கவாட்டில் பிடியுங்கள். நேராக அடித்தால் வெறும் கல்லாகத் தெரிந்த இடத்தில், ஒவ்வொரு கீறலின் ஓரமும் நிழல் கட்டி, எழுத்து எழுந்து நிற்கும். இதற்கு இரண்டு பேர் வேண்டும், ஒருவர் விளக்குப் பிடிக்க, ஒருவர் எழுத. தோழியிடம் விளக்கைக் கொடுத்துவிடுங்கள். விளக்கை அசையாமல் பிடிக்க வேண்டும் என்பதால் பேச்சும் குறையும்.

கல்வெட்டின் மேல் தாளை ஒட்டி மை ஒற்றி எடுக்கும் மைப்படிக்காக நீங்களாகத் தாளும் மையும் கொண்டுபோக வேண்டாம். பாதுகாக்கப்பட்ட இடங்களில் துறையின் அனுமதி இல்லாமல் அது முடியாது. முக்காலி வைத்துப் படமெடுப்பதற்கும் அனுமதி கேட்பார்கள். கைபேசியில் எடுங்கள், சில கோயில்களில் அதற்கும் தடை உண்டு. நோட்டில் எழுதுவதை யாரும் தடுக்க மாட்டார்கள்.

11. திரும்பும் நாள்

பல்லவன் காரைக்குடியிலிருந்து அதிகாலையிலேயே கிளம்பிவிடும். ஊருக்குள் இருந்தால் ஆட்டோ கிடைக்கும். கானாடுகாத்தான், ஆத்தங்குடிப் பக்கம் தங்கியிருந்தால் அந்த நேரத்தில் ஒரு வண்டியும் வராது. முந்தைய நாள் மதியமே வண்டி பேசி, ஓட்டுநர் எண்ணை வாங்கி, நாலு மணிக்கு ஒரு முறை கூப்பிட்டு எழுப்பிவிடுங்கள். பங்கேற்புத் தாளில் அம்மாவின் பெயரும் முதலெழுத்தும் சரியாக இருக்கிறதா என்று முந்தைய இரவே பாருங்கள். தபாலில் திருத்தி அனுப்புவதாகச் சொன்னால் அது வராது. பொது பர்ஸில் மீந்ததை அன்றிரவே மூன்றாகப் பிரித்துவிட வேண்டும். முனீஸ்வரன் கோயில் தெருவுக்குப் போய்ப் பழைய பொருள் வாங்க வேண்டும் என்று தோழி கடைசி நேரத்தில் கிளப்புவாள். அதற்குக் களப்பயணம் இல்லாத ஒரு மாலையை முன்பே ஒதுக்கி, வாங்கும் பித்தளைப் பானையை அவளே தூக்க வேண்டும் என்றும் சொல்லிவிடுங்கள்.